எங்கள் களத்தில் ஒரு சலங்கையும் என் பட்டாவும்

இன்று காலை எங்கள் நெல் களத்தில், சலங்கை கட்டி நின்ற ஒரு பெண்ணைப் பார்த்துக் கத்திவிட்டேன்!

பதினாறு வயது. அமெரிக்காவில் பிறந்தவள். அவளுடைய கொள்ளுத்தாத்தா எங்கள் ஊர் மிராசுதார். அவரிடம் குத்தகைக்கு உழுதவர் என் அப்பா. கோர்ட், பஞ்சாயத்து என்று வருஷக்கணக்கில் அலைந்து, கடைசியில் வயலையும் களத்தையும் கிரயம் வாங்கினார்.

போன வாரம் அவளுடைய அப்பா போன் செய்தார்.

"சார், அடுத்த மாசம் பொண்ணுக்கு அரங்கேற்றம். அதுக்கு முன்னாடி எங்க களத்துல ஒரு தடவை ஆடணும்ங்கறா."

எங்க களமா?!

"வாங்க சார்" என்றேன். (ஊரில் கடை வைத்திருக்கிறேன்; வியாபாரி வாய்!) பட்டா நகலைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டுதான் போனேன்.

வந்தாள். குனிந்தாள். மண்ணைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

கிரயம் முடிந்த அன்று என் அப்பா செய்தது அதேதான்! எங்கள் பக்கம் நிலம் வாங்கியவர்தான் அப்படிச் செய்வார்.

"ஏம்மா, நிறுத்து! மண்ணத் தொடாத! சார், இந்தாங்க பட்டா, என் பேர்ல இருக்கு!"

பெண் இரண்டடி பின்வாங்கினாள்.

"சாரி அங்கிள்... காலால மிதிக்கப் போறேன்ல, அதான் பூமிகிட்ட மன்னிப்புக் கேட்டேன். ஆடறதுக்கு முன்னாடி எல்லாரும் செய்வோம்."

"அமெரிக்காவுலயுமா?"

"ஆமா அங்கிள். பத்து வருஷமா டீச்சர் வீட்டு மரத்தரையத் தொட்டுத்தான் கும்பிடறேன். மண்ணு இன்னிக்குத்தான்."

அவள் அப்பாவுக்கு முகம் சிவந்துவிட்டது. "கழட்டும்மா, போலாம்."

அவள் சலங்கையை அவிழ்க்க உட்கார்ந்தாள். கண்ணில் தண்ணீர்.

எனக்கு என்னவோ போல் ஆகிவிட்டது. "கழட்டாதம்மா. ஆடு."

ஆடினாள். நாற்று நடுவது மட்டும்தான் எனக்குப் புரிந்தது. ஆனால் புழுதி அடங்கும்வரை பட்டாவைக் கையில் பிடித்தபடியே நின்றிருக்கிறேன்!

கிளம்பும்போது கேட்டாள்: "அங்கிள், அரங்கேற்றப் புத்தகத்துல நன்றி சொல்ல ஒரு பக்கம் இருக்கு. உங்க பேர் போடணும். எங்களுக்கு நீங்க யாருன்னு போடட்டும்?"

அவள் அப்பா என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன்.

குத்தகைக்காரர் மகன் என்றா? நிலத்துக்காரர் என்றா? குடும்ப நண்பர் என்றா? (நண்பரா! கோர்ட்டில் எதிர் எதிரே நின்ற குடும்பங்கள்!)

நாளைக்குள் வாட்ஸ்அப்பில் சொல்ல வேண்டுமாம்.

மக்களே, நான் யாருங்க?