ஆறு மணிக்குக் கட்ட வேண்டிய வலை

நம்பாதவர்கள் நம்பாமலே போகட்டும். எனக்கு அதில் ஒரு நஷ்டமும் இல்லை. ஆனால் இது நடந்தது. போன டிசம்பரில் ஒரு வியாழக்கிழமை, மாலை 6.47 முதல் 7.02 வரை. பதினைந்து நிமிஷம். என் செல்போனில் பதிவு இருக்கிறது. அதைத் தனியாக இருக்கும்போது நான் கேட்பதில்லை.

என் பெயர் முத்துமீனா. மதுரையில் ஒரு கால்பந்து கிளப்பில் கோல்கீப்பர்களுக்குப் பயிற்சி கொடுக்கிறேன். கிளப்பின் பெரிய மைதானத்தை ஆண்கள் அணி வைத்துக்கொண்டது. பெண்களுக்கும் சின்னப் பிள்ளைகளுக்கும் ஊருக்கு வெளியே ஒரு குட்டி ஸ்டேடியம். கே.கே. நகரிலிருந்து ஸ்கூட்டியில் இருபது நிமிஷம். ஒரு பக்கம் மட்டும் கேலரி, நாலு விளக்குக் கம்பம், சுற்றிலும் கருவேலங்காடு. இவர்களுக்கு இது போதும் என்று யாரோ முடிவு செய்துவிட்டார்கள்.

மைதானத்தைப் பார்த்துக்கொள்பவர் சோணைமுத்து அண்ணன். புல் வெட்டுவது, கோடு போடுவது, தண்ணீர் விடுவது எல்லாம் அவர்தான். அவருக்கு ஒரு வழக்கம் உண்டு. சாயங்காலம் ஆறு மணி ஆனால் தெற்கு கோலின் வலையைக் கீழிருந்து மேலே சுருட்டி, மேல் கம்பத்தோடு கயிறு போட்டுக் கட்டிவிடுவார். நாங்கள் ஆடிக்கொண்டிருந்தாலும் கட்டுவார். வடக்கு வலையைத் தொடமாட்டார். கேட்டால், "நாய் மாட்டிக்கிரும் மேடம்" என்பார். உங்க ஊர் நாய்க்கு வடக்கு தெற்கெல்லாம் தெரியுமா அண்ணே என்று நானே கிண்டல் செய்திருக்கிறேன்.

அன்று எனக்கு முட்டியில் ஆபரேஷன் முடிந்து ஒன்பதாவது நாள். இடது காலில் தொடையிலிருந்து கணுக்கால் வரை கட்டு. ஊன்றுகோல் இல்லாமல் ஓர் அடி வைக்க முடியாது. வீட்டில் கிடக்க வேண்டியவள் மைதானத்துக்கு வந்திருந்தேன். ஸ்ரீவர்ஷினிக்காக.

வர்ஷினிக்குப் பதினாலு வயசு. சிம்மக்கல்லில் சௌராஷ்டிரக் குடும்பம். அப்பா துளசிராமுக்கு ஜவுளி வியாபாரம். மறுநாள் காலை திருச்சியில் மாநில அணிக்கான தேர்வு. "இதுல எடுக்கலைன்னா பந்தை மூட்டை கட்டி வச்சிரணும் மேடம். பிள்ளை டியூஷன் போகட்டும்" என்று அவர் என்னிடமே கறாராகச் சொல்லியிருந்தார். அவளுக்கு இருந்தது அந்த ஒரு வாய்ப்புதான். உயரமாக வரும் பந்தை விடவே மாட்டாள். தரையோடு வரும் பந்தில்தான் சொதப்புவாள். அன்றைக்கே அதைச் சரி செய்துவிடலாம் என்று எனக்கு ஒரு வீறாப்பு.

ஆறு மணிக்கு சோணைமுத்து அண்ணன் கயிற்றோடு வந்தார்.

"அண்ணே, இன்னைக்கு ஒருநாள் விடுங்க."

"வேணாம் மேடம். கட்டிர்றேன்."

"நாளைக்கு செலக்‌ஷன்ணே. வலை இல்லாம எப்படி பிராக்டீஸ் பண்றது?"

அவர் நகரவில்லை. எனக்குச் சுர்ரென்று ஏறியது. முட்டி வலி வேறு. "இங்க கோச் நானா, நீங்களா?" என்று பிள்ளைகள் முன்னால் கேட்டுவிட்டேன். அவர் கயிற்றைத் தோளில் போட்டுக்கொண்டு, என் முகத்தைப் பார்க்காமல், "டீ குடிச்சிட்டு வாரேன்" என்று வண்டியை எடுத்துக்கொண்டு போனார். என் வாயைத் தைத்திருக்க வேண்டும்.

கூட ஆடும் ரோகிணி பந்தை அடித்தாள். வர்ஷினி தடுத்தாள். ராத்திரி பஸ்ஸில் போகும்போது அவள் தன் தவறுகளைப் பார்க்கட்டும் என்று, என் போனைக் கேலரியின் மூன்றாவது படியில் ஸ்டாண்டில் நிறுத்திப் பதிவு செய்துகொண்டிருந்தேன். நான் கேலரிக்குக் கீழே, நடுக்கோட்டுக்கு நேராக, நாற்காலியில் இருந்தேன். 6.40-க்கு ரோகிணியும் மற்ற பிள்ளைகளும் வேனில் கிளம்பினார்கள். வர்ஷினியை அழைத்துப்போக அவள் அப்பா ஏழு மணிக்கு வருவார். அவள் தெற்கு கோலுக்குள் கிடந்த பந்துகளைப் பொறுக்கப் போனாள். மைதானத்தில் நாங்கள் இரண்டு பேர்தான்.

6.47. கரண்ட் போனது.

எங்கள் விளக்குகள் பழைய மாடல். அணைந்தால், கரண்ட் உடனே வந்தாலும் சூடு ஆறினால்தான் திரும்ப எரியும். பத்துப் பன்னிரண்டு நிமிஷம் ஆகும். டிசம்பர் மாத இருட்டு. என் கையே எனக்குத் தெரியவில்லை.

"அக்கா..." அறுபது மீட்டர் தள்ளி வர்ஷினியின் குரல். "பூட்ஸ் வலையில மாட்டிக்கிச்சுக்கா."

இது சாதாரணம். பூட்ஸின் அடிக்குமிழ் வலைக்கண்ணில் சிக்கும். "பூட்ஸைக் கழட்டிப் போட்டுட்டு வெளிய வாடி!" என்று கத்தினேன்.

"சரிக்கா."

காத்திருந்தேன். காலடிச் சத்தம் வரவில்லை.

"வர்ஷினி, வந்துட்டியா?"

"இங்கேயேதான் இருக்கேன்க்கா."

"ஏன்டி அங்க இருக்க? வெளிய வா!"

"சரிக்கா. அசையல."

எனக்குப் புரியவில்லை. நான் கேட்டது ஒன்று, அவள் சொல்வது ஒன்று. பயத்தில் உளறுகிறாளோ என்று நினைத்தேன். இன்னும் சத்தமாகக் கத்தினேன். வெளியே வா. வெளியே வா. தொண்டை கமறியது.

சரக்... சரக்...

புல்லில் வலை இழுபடும் சத்தம். காற்று இல்லை. கருவேல மரத்தில் ஓர் இலைகூட ஆடவில்லை.

6.51. கரண்ட் வந்தது. கேலரிக்குக் கீழே இருந்த கழிப்பறை பல்பு எரிந்தது. அந்த மங்கல் வெளிச்சம் கோல் வரைக்கும் அரைகுறையாகப் போனது. வர்ஷினி தெரிந்தாள். வலைக்குள் நின்றாள். இரண்டு கையையும் தொங்கப் போட்டுக்கொண்டு, பள்ளிக்கூடப் பிரேயரில் நிற்பதுபோல.

வலை அவள் இடுப்பில் சுற்றியிருந்தது.

கையைத் தூக்கி உதறினால் போதும். அவள் உதறவில்லை.

ஊன்றுகோலைத் தேடினேன். நாற்காலியில் சாய்த்து வைத்தது. இல்லை. எழுந்தேன். விழுந்தேன். முட்டியில் தையல் விட்டது தெரிந்தது. சூடாக ஈரம் இறங்கியது. முழங்கையை ஊன்றி இழுத்தேன். ஓர் அடி. இன்னும் ஓர் அடி.

சரக்...

வலை இப்போது நெஞ்சில்.

"அக்கா, சீக்கிரம் வாங்கக்கா..."

"கையைத் தூக்குடி! உதறுடி!"

"சரிக்கா... இருக்கேன்க்கா..."

சரக்...

கழுத்தில்.

நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். பார்க்க மட்டும்தான் முடிந்தது. ஐம்பது மீட்டர்... நாற்பத்தைந்து... என் காலை வெட்டி எறிந்துவிட்டு ஓடலாம் போல இருந்தது.

அவள் குரல் நின்றது.

7.00. வண்டி ஹெட்லைட். சோணைமுத்து அண்ணன் வண்டியைப் புல்லுக்குள்ளேயே ஓட்டி வந்து, கீழே போட்டுவிட்டு, அரிவாளால் வலையை அறுத்தார். 7.02-க்கு விளக்குகள் மெல்ல எரிய ஆரம்பித்தபோது வர்ஷினி அவர் மடியில் இருமிக்கொண்டிருந்தாள். உயிர் இருந்தது. நான் புல்லில் முகத்தைப் புதைத்து அழுதேன்.

அவள் கழுத்தில் வலை மூன்று சுற்று சுற்றியிருந்தது. கையில் ஒரு கீறல்கூட இல்லை. "பொதுவா மாட்டுனவங்க பிச்சுப் பிடுங்குவாங்க. இந்தப் பொண்ணு விரலைக்கூட அசைக்கலையே" என்று டாக்டர் என்னைப் பார்த்தார். மறுநாள் தேர்வு அவள் இல்லாமலே முடிந்தது.

மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் அவள் பேசினாள். முதல் பேச்சே என்னிடம்தான்.

"ஏன்க்கா அங்கேயே இருக்கச் சொன்னீங்க?"

"நானா? வெளிய வா வெளிய வான்னு தொண்டை கிழியக் கத்துனேனேடி!"

"இல்லக்கா. வாரேன், அங்கேயே இருன்னு சொன்னீங்க. நீங்க வருவீங்கன்னுதான் அசையாம நின்னேன்."

துளசிராம் கட்டிலுக்கு அந்தப் பக்கம் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. ஆதாரம் இருக்கிறதே! எல்லோர் முன்னாலும் போனை எடுத்துப் பதிவை ஓடவிட்டேன்.

இருட்டு. தூரத்தில் வர்ஷினியின் குரல், "அக்கா..." அதற்குப் பதிலாக ஒரு குரல். என் குரல். அன்று நான் போனிலிருந்து எட்டு மீட்டர் தள்ளி உட்கார்ந்திருந்தேன். பதிவில் அது போனில் வாயை வைத்துப் பேசியதுபோலக் கேட்டது. கத்தவில்லை. பொறுமையாக, ஆசையாகச் சொன்னது.

"வாரேன் பாப்பா... அங்கேயே இரு. அசையாத. அம்மா வாரேன்."

திரும்பத் திரும்ப. பன்னிரண்டு நிமிஷம். நான் கத்திய ஒரு வார்த்தைகூட அதில் இல்லை. வர்ஷினியை நான் ஒருநாளும் பாப்பா என்று கூப்பிட்டது கிடையாது. துளசிராம் அறைக்கதவைத் திறந்து பிடித்தார். நான் வெளியே வந்தேன்.

சோணைமுத்து அண்ணனிடம் போட்டுக் காட்டினேன். பாதியிலேயே போனைக் கவிழ்த்து வைத்துவிட்டார்.

"ஸ்டேடியம் கட்டுறப்ப செல்லக்கிளின்னு ஒரு பொம்பள சித்தாள் வேலைக்கு வந்தா மேடம். அவளுக்கு அஞ்சு வயசுல ஒரு பொம்பளப்பிள்ளை. ஒருநா சாயங்காலம் இவ கால்ல கம்பி குத்தி, நீங்க உக்காந்திருந்தீங்கள்ல, அந்த இடத்துலதான் உக்காந்திருந்தா. புதுசா மாட்டுன தெக்கு வலையில பிள்ளை மாட்டிக்கிட்டுக் கூப்புட்டுச்சு. ஏதோ விளையாடுதுன்னு நெனச்சு, வாரேன் பாப்பா, அங்கேயே இருன்னா. அவ நொண்டி நொண்டிப் போய்ச் சேர்றதுக்குள்ள..."

"அப்புறம்?"

"பிள்ளை அசையவே இல்ல மேடம். அம்மா சொன்ன மாதிரியே இருந்துச்சு. அன்னைக்குப் போன செல்லக்கிளிய அப்புறம் யாரும் பாக்கல."

முதலிலேயே சொல்லியிருக்கலாமே அண்ணே என்று கேட்க எனக்கு வாய் இல்லை.

போன வாரம் வர்ஷினியின் அம்மா நாகமணி போன் செய்தார். தினமும் 6.47-க்குப் பிள்ளை பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் போய் நின்றுகொள்கிறதாம். இரண்டு கையையும் தொங்கப் போட்டுக்கொண்டு. எது கேட்டாலும், "வாரேன்னு சொல்லியிருக்காங்க, இங்கேயே இருக்கணும்" என்கிறதாம். "நீங்கதான சொன்னீங்க, நீங்களே வந்து சொல்லுங்க மேடம்" என்று அழுதார்.

நேற்று போனேன். அவள் முன்னால் போய் நின்றேன். "வர்ஷினி, நான் வந்துட்டேன்டி. வெளிய வா."

அவள் என் முகத்தைப் பார்த்தாள். அப்புறம் என் காலைப் பார்த்தாள்.

"நீங்க இல்லக்கா. அவங்களுக்குக் கால் வலி. மெதுவாத்தான் வாராங்க."

"யாருடி? எங்க வாராங்க?"

"முந்தாநாள் கே.கே. நகர். நேத்து கோரிப்பாளையம்." வாசல் பக்கம் காதைக் கொடுத்துக் கேட்டாள். "இப்ப வைகைப் பாலத்துல ஏறிட்டாங்கக்கா."

பாலத்தின் இந்தப் பக்கம்தான் சிம்மக்கல். அவர்கள் வீட்டுக்குப் பாலத்திலிருந்து நடந்தே பத்து நிமிஷம்.