டெய்சியின் தம்பிக்கு ஒரு பூசை

கன்னியாஸ்திரிகளைப் பற்றி யாராவது ஒரு சொல் குறைவாகச் சொன்னால் போதும், செபமாலை என்ற மனிதருக்குக் கோபம் பற்றிக்கொண்டு வரும். ஏன் வராது? தாய் தகப்பன் இல்லாத அவரையும் அண்ணனையும் மன்னாரில் சோறு போட்டு வளர்த்தவர்கள் அவர்கள்தான். மொன்ட்ரியாலுக்கு அகதியாக வந்தபோதும், வயதான சிஸ்டர்மார் வாழும் ஒரு மடத்துக் குசினியில்தான் சமையல் வேலை கிடைத்தது. அங்கே சிஸ்டர் கிளோத்தில்ட், செபமாலை ஊட்டினால் மட்டுமே சாப்பிடுவார்.

பழங்குடிப் பிள்ளைகளைப் பெற்றவர்களிடமிருந்து பிடுங்கி உறைவிடப் பள்ளிகளில் அடைத்ததற்குக் கனடா அரசாங்கம் மன்னிப்புக் கேட்ட வருடம் அது. நாட்டின் வடக்கிலிருந்து டெய்சி என்ற கிறீப் பழங்குடிப் பெண் மடத்துக்கு வந்தாள். அவளையும் தம்பியையும் அடைத்த பள்ளியில் சிஸ்டர் கிளோத்தில்ட்தான் ஆசிரியை. ஒரு குளிர்காலத்தில் தம்பி காய்ச்சலில் செத்துப்போனான். எங்கே புதைத்தார்கள் என்று கேட்டுக் கேட்டே தாயும் கண்ணை மூடிவிட்டாள்.

"என் தம்பி எங்கே?" என்று டெய்சி கேட்டாள்.

"நிறையப் பிள்ளைகள். நினைவில்லை" என்றார் சிஸ்டர்.

பக்கத்தில் நின்ற செபமாலை சிஸ்டரைத் திரும்பிப் பார்த்தார். செபமாலையின் பிள்ளைகளுடைய பிறந்தநாளையெல்லாம் ஒன்றுவிடாமல் சொல்லுகிற மனிசி! இதை மட்டும் எப்படி மறந்தார்?

சண்டைக் காலத்தில் அண்ணனைப் பிடித்துக்கொண்டு போனவர்கள் அவனை எங்கே போட்டார்கள் என்பது செபமாலைக்கும் இன்றுவரை தெரியாது. கல்லறை இல்லாதவர்களுக்கு அவருடைய ஊரில் கோயிலில் திருப்பலிப் பூசை ஒப்புக்கொடுத்து, மெழுகுதிரி கொளுத்தி மனம் ஆறுவார்கள். டெய்சியை வெறுங்கையோடு அனுப்பக்கூடாது என்று அவர் முடிவெடுத்தார்.

மனைவி எலிசாவுக்கு இது பிடிக்கவில்லை. "இஞ்சாருங்கோ, அந்த மனிசி கோயிலாலை பட்டது காணாதே? திரும்பவும் அங்கையே கூட்டிக்கொண்டு போகப்போறியள்?"

"உமக்கு விளங்காதப்பா. செத்த பிள்ளைக்கு ஒரு பூசை வேண்டாமே?"

தம்பியின் பெயரைக் கேட்டபோது டெய்சி கொஞ்சம் தயங்கினாள். "பள்ளியில் 'போல்' என்று பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள்" என்றாள். பாவி மனிதர், அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதிக் கோயிலில் தமிழ்ப் பூசை. செபமாலை கேட்டதற்காக டெய்சியும் வந்து கடைசி வரிசை வாங்கில் இருந்தாள். "மரித்த 'போல்' என்பவரின் ஆத்தும இளைப்பாற்றிக்காக" என்று ஃபாதர் வாசித்தார். அந்தத் தமிழில் அவளுக்கு விளங்கியது அந்தப் பெயர் ஒன்றுதான். சட்டென்று எழும்பி வெளியே போனாள். செபமாலை பின்னாலேயே ஓடினார்.

"அது அவர்கள் போட்ட பெயர்" என்றாள் வாசற்படியில். "அம்மா வைத்த பெயரைச் சொன்னால் அடிப்பார்கள். செத்த பிறகும் அவனுக்கு அதுதானா?"

"ஐயோ, தெரியாமல் செய்துவிட்டேன்." அவருக்குத் தெரிந்த ஆங்கிலமெல்லாம் குழறியது. "சரியான பெயரைச் சொல்லுங்கள், ஃபாதரிடம் சொல்லித் திரும்ப வாசிக்க வைக்கிறேன்."

அவள் தலையை ஆட்டி மறுத்தாள். "அதை இந்தக் கட்டடத்துக்குள் கொண்டுபோக விடமாட்டேன்." முகத்தில் கோபம்கூட இல்லை. "நீ நல்ல மனதோடுதான் செய்தாய், எனக்குத் தெரியும். எங்களைப் பள்ளியில் அடைத்தவர்களும் அப்படித்தான் சொன்னார்கள்."

சொல்லிவிட்டு மெட்றோ ரயில் நிலையப் பக்கம் நடந்தாள். உள்ளே நன்மை எடுக்கிற நற்கருணைப் பாட்டுத் தொடங்கியிருந்தது. பூசைக்கு ஒருநாளும் பிந்தாத செபமாலை அன்று உள்ளே போகவில்லை. படியில் குந்தியிருந்து, போகிறவர்கள் பார்க்கப் பார்க்க, விம்மி விம்மி அழுதார்.