வாசிக்கப்படாமல் நின்ற வாக்கியம்

நான், பொன்னையா வேதமாணிக்கம், போடிமெட்டுக்குத் தெற்கே உள்ள மஞ்சப்பாறை ஏலத்தோட்டத்தின் தலைமை ரைட்டர்; கணக்கும் உத்தரவும் எழுதுகிறவன். இத்தோட்டத்துச் சபையின் செயலாளர். வாந்திபேதியின் நிமித்தம் கூட்டம் கூடுவது தடுக்கப்பட்டிருப்பதால், நமக்கு வேதம் போதித்த உபதேசியார் ஞானமுத்து அவர்களைப் பற்றி ஜெபாலயத்தில் நின்று சொல்ல வேண்டியதை எழுத்தில் தருகிறேன். ஒவ்வொரு லயத்து வீட்டு வரிசையிலும் படிக்கத் தெரிந்த ஒருவர் தம் வீட்டு வாசலில் நின்று இதை உரக்க வாசிக்கவும். மற்றவர்கள் தத்தம் வாசலில் இருந்தபடியே கேட்கவும். வண்டன்மேட்டிலும் ஆனைக்கரையிலும் அவரை அறிந்தவர்களுக்கு, பாதை திறந்ததும் பிரதி அனுப்பப்படும். ஒரே ஒரு வேண்டுகோள்: கடைசி வரி வரும்வரை யாரும் எழுந்து போக வேண்டாம். காரணத்தை உரிய இடத்தில் சொல்கிறேன்.

செய்தி இன்று காலை வந்தது. எல்லைக்கல்லுக்கு அப்பால், முன்பு பொதிமாடுகளைக் கட்டிய கொட்டகையில், கீழேயிருந்து வேலைக்கு ஏறி வரும் வழியில் நோய் கண்டவர்களை வைத்திருப்பதை நீங்கள் அறிவீர்கள். அவர்களைப் பார்க்க உபதேசியார் அங்கே போனதையும் அறிவீர்கள். கஞ்சிப்பானையை நாம் கல்லின்மேல் வைத்துவிட்டுப் பின்வாங்குவோம். பிறகு அவர் வந்து எடுத்துப்போவார். இன்று பானை அப்படியே இருந்தது. மூடுபனிக்குள்ளிருந்து ஒரு பெண்ணின் குரல்தான் வந்தது. நோயிலிருந்து தேறிவரும் முத்துப்பேச்சி அவள். நம் சபையைச் சேர்ந்தவள் அல்லள்.

"ஏ கங்காணி! உங்க உபதேசியாரு எந்திரிக்கல!"

மாடசாமிக் கங்காணி என் பக்கத்தில் நின்றார். "தூங்குதாரா பாரு தாயி," என்று கத்தினார்.

"விடியவே போயிட்டாரு. இன்னும் ரெண்டு சீவன் கெடக்கு. தண்ணி காச்ச எனக்குத் தெம்பில்ல. யாரையாவது அனுப்புங்க!"

கங்காணி என்னைப் பார்த்தார். நான் கஞ்சிப்பானையைப் பார்த்தேன். இருவரும் இறங்கி வந்தோம். இப்போது தோட்டத்தில் வைத்தியம் பார்க்கும் டிரஸ்ஸர் சுண்ணாம்பையும் மருந்தையும் மூட்டை கட்டிக்கொண்டிருக்கிறார். அடக்கம் செய்ய வேண்டும். உயிரோடிருப்பவர்களுக்குத் தண்ணீர் காய்ச்ச வேண்டும். அந்த மூட்டையை எல்லைக்கு அப்பால் சுமந்து போகிறவர் யார் என்பது இதை நான் எழுதத் தொடங்கிய நேரத்தில் முடிவாகவில்லை.

அவருடைய வாசிப்பு முறையை வேறு எந்த ஊரிலும் நான் கண்டதில்லை. அப்போஸ்தலர்கள் சபைகளுக்கு எழுதிய கடிதங்களான நிருபங்களை அவர் மேசையருகே நின்று வாசிப்பார். பழைய ஏற்பாட்டை ஏந்தி நான் வாசற்படியில் நிற்க வேண்டும். நிருபத்தில் பழைய வேதத்தின் வார்த்தை எங்கே வருகிறதோ அங்கே அவர் நிறுத்துவார். அது எடுக்கப்பட்ட இடத்தை நான் வாசலிலிருந்து வாசிப்பேன். பிறகு அவர் தொடர்வார். "நிருபம் எழுதுனவங்க கையில வேற வேதம் கெடையாது. இந்தப் பழையதுதான் அவங்களுக்கு வேதம். அதைத் தள்ளிட்டு நிருபத்தை மட்டும் வாசிச்சா, ஒருத்தன் பேசுதான், பதில் சொல்லுதவனை நாம வெளிய நிறுத்திப் பூட்டிட்டோம்னு அர்த்தம்," என்பார். பெரும்பாலான வாரங்களில் வாசலின் பதிலோடுதான் வாசிப்பு முடியும். அதன்பின் எழுந்து கலைவது உங்கள் வழக்கமாயிற்று. இந்த வழக்கத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஏலச்செடிகளுக்கு ஊடே வரும் பொதிமாடுகளுக்கு, செடியை மேயாதபடி, வாய்க்கூடை கட்ட வேண்டும் என்பது தோட்டத்தின் விதி. அதை எழுதியவன் நான். ஒரு ஞாயிறன்று, போரடிக்கும் மாட்டின் வாயைக் கட்டக் கூடாது என்ற மோசேயின் கட்டளையை அப்போஸ்தலர் எடுத்தாளும் பகுதி வாசிக்கப்பட்டது. நான் வாசலில் நின்று கட்டளையை வாசித்தபோது, மாடுகளோடு வெளியே காத்திருந்த போடி வியாபாரி ஒருவர் காதில் அது விழுந்துவிட்டது.

"ஏன் ரைட்டரய்யா, ஒங்க வேதமே கட்டாதேங்குது. நீங்க கட்டச் சொல்லுதீக. நான் யாரு பேச்சைக் கேக்கட்டும்?"

சபை முழுவதும் சிரித்தது. நான் விளக்கினேன்: அக்கட்டளை களத்தில் போரடிக்கும் மாட்டுக்கு உரியது, பிறருடைய பயிருக்குள் நடந்து செல்லும் பொதிமாட்டைக் குறிக்காது. உபதேசியார் தலையசைத்தார். "ரைட்டரய்யா சொல்லுதது சரி. பொதிமாட்டுக்கு அந்தச் சட்டம் இல்ல. ஆனா நிருபக்காரர் மாட்டோட நிக்கலியே. உழைக்கிற மனுசனுக்கு அதில பங்கு உண்டுன்னு பாத்தாரே. நாமளும் கொஞ்சம் பாப்போம்." மறுநாள் அவர் தோட்டத்துத் துரையிடம் போய், ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரில் நிற்கிற பெண்கள் மத்தியானக் கஞ்சியை அங்கேயே குடிக்க அனுமதி வாங்கிவந்தார். மாடுகளின் வாய்க்கூடை நீடித்தது. என் விதியும் கெடவில்லை. அவருடைய வேதமும் கெடவில்லை.

இன்னொரு ஞாயிறு எனக்கு உண்மையான பயத்தைத் தந்தது. எபிரெயருக்கு எழுதப்பட்ட நிருபத்தில், எரிகிற மலையையும் இருளையும் கண்டு மோசேயே அஞ்சி நடுங்குவதாகச் சொன்னான் என்று ஓர் இடம் உண்டு. உபதேசியார் அங்கே நிறுத்தினார். நான் யாத்திராகமத்தில் சீனாய் மலை வரும் அதிகாரங்களைப் புரட்டினேன். அந்தப் பேச்சு அங்கே இல்லை. மறுபடி புரட்டினேன். இல்லை. சபை காத்திருந்தது. வேலைக்கு ஆள் கூப்பிட வந்து வெளியே நின்ற மாடசாமிக் கங்காணி, "ரைட்டரய்யாவுக்கே பக்கம் தவறிப்போச்சுடே," என்றார். நான் புத்தகத்தை மூடினேன். எனக்குப் பயம் பிடித்தது. பக்கம் தவறியதால் அல்ல. அப்போஸ்தலரின் நிருபம் இல்லாத சாட்சியை அழைக்கிறது என்றால், அது அழைத்த மற்றச் சாட்சிகளின் கதி என்ன என்ற கேள்வி அப்போது எனக்குள் நுழைந்தது.

ஆராதனை முடிந்ததும் இதை அவரிடமே கேட்டேன். அவர் புத்தகத்தை வாங்கி உபாகமத்தைத் திறந்தார். "மலையடியில தேடாதீங்க. அதுக்குப் பின்னால பாருங்க. ஜனம் கன்னுக்குட்டியைச் செஞ்சு கும்பிட்டபோது தனக்கு வந்த பயத்தை மோசே இங்க சொல்லுதாரு."

"அது வேறு சமயம்," என்றேன்.

"வேற சமயம்தான். நிருபக்காரர் அந்தப் பயத்தை எடுத்து மலையில கொண்டுவந்து வச்சிருக்காரு. நடுக்கம்ங்கிற வார்த்தையும் இங்க இல்ல, அங்கதான் இருக்கு. ஏன்னு கேட்டா எனக்கு முழுசாத் தெரியாது. தெரிஞ்ச மாதிரி ஒங்ககிட்ட நடிக்க மாட்டேன்." புத்தகத்தை என்னிடம் திருப்பிக் கொடுத்துச் சொன்னார்: "ஆனா ஒண்ணு கவனிங்க. மலையைப் பாத்து எல்லாருக்கும்தான் பயம். தான் செத்துருவோமேங்கிற பயம். இந்த இடத்தில மோசேக்கு வந்தது சனம் அழிஞ்சுபோகுமேங்கிற பயம். பயம் வந்தா, இது எந்தப் பயம்னு ஒரு தடவை பாத்துக்கிடணும் அய்யா."

என் கேள்விக்கு அது முழு விடை அல்ல என்று அன்றே அவரிடம் சொன்னேன். "இல்லதான்," என்று ஒப்புக்கொண்டு சிரித்தார். தமக்கு விடை தெரியாத இடத்தில் தெரியாது என்று சொல்லும் ஒரு மனிதர் தெரிந்ததாகச் சொல்வதை நம்பலாம் என்று நான் தீர்மானித்தது அப்போதுதான்.

இனி, கூட்டம் தடுக்கப்படுவதற்கு முந்தின கடைசி ஞாயிறு. கொட்டகையில் ஆட்களை வைத்த செய்தி அப்போது லயங்களில் பரவியிருந்தது. நீங்கள் பிள்ளைகளை மடியோடு அணைத்து உட்கார்ந்திருந்தீர்கள். ஒரு குழந்தை இருமினால்கூட எல்லாத் தலையும் திரும்பியது. உபதேசியார் அன்று எடுத்ததும் அதே எபிரெயர் நிருபம்தான், கடைசி அதிகாரம். பாவநிவாரண பலியின் உடல்கள் பாளயத்துக்குப் புறம்பே சுட்டெரிக்கப்படும் என்ற இடத்தில் நிறுத்தினார். பாளயம் என்றால் வனாந்தரத்தில் இஸ்ரவேலர் கூடாரம் போட்டுத் தங்கிய இடம், நம் லயங்களைப் போல, என்று முன்பே சொல்லியிருந்தார். நான் லேவியராகமத்தின் அந்தப் பலிப்பிரமாணத்தை வாசித்தேன். அவர் முன்கூட்டிக் கேட்டுக்கொண்டபடி, அதே புத்தகத்தின் இன்னொரு விதியையும் வாசித்தேன்: தொழுநோய் கண்டவன் தீட்டுள்ளவன், அவன் பாளயத்துக்குப் புறம்பே தனியாகக் குடியிருக்க வேண்டும்.

வாசலின் குரல் நின்றது. நீங்கள் எழுந்தீர்கள்.

உங்கள்மேல் குற்றமில்லை. வழக்கம் அது. வேதமும் தோட்டத்தின் உத்தரவும் ஒன்றையே சொல்கின்றன, நோயாளியை வெளியே வை என்கின்றன, என்று கேட்டு மனம் ஆறிப் போனீர்கள். "வேதத்திலேயே இருக்கு பாத்தியா," என்று வாசற்படியில் என்னைக் கடந்து போன ஒருவர் சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது. உபதேசியார் மேசையருகே, வாசிக்க வேண்டிய அடுத்த வரியின்மேல் விரலை வைத்தபடி நின்றார்.

"பாதியில எந்திரிச்சிட்டாவளே, ரைட்டரய்யா."

"மணியடித்துத் திரும்பக் கூப்பிடட்டுமா?"

"வேண்டாம். பயந்து கெடக்காவ. கூப்பிட்டா இன்னும் பயப்படுவாவ." பிறகு, மிச்சத்தை எனக்கும் காலிப் பாய்களுக்கும் வாசித்தார். வாசித்து முடித்ததும் புத்தகத்தை மடித்து அங்கியில் வைத்துக்கொண்டு, "சரி, நான் கொட்டகைக்குக் கிளம்புதேன்," என்றார்.

அங்கே போகிறவர், டிரஸ்ஸர் நோய் ஓய்ந்தது என்று எழுதித் தரும்வரை தோட்டத்துக்குள் திரும்பக் கூடாது என்ற விதியை அவருக்கு நினைவூட்டினேன். அதையும் எழுதியவன் நான்தான். இன்றும் அது சரியான விதி என்றே சொல்வேன். இத்தனை நாளும் ஒரு லயத்திலும் நோய் நுழையவில்லை. "நல்ல ரூல். அதை யாருக்காகவும் தளர்த்தாதீங்க, எனக்காகவும்," என்றுதான் அவரும் சொன்னார்.

அதன்பின் அவரோடு பேசியது கல்லுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நின்றுதான். நேற்றுக் காலை அவர் முகம் வற்றியிருந்தது. பானையை எடுக்கும்போது கை தாழ்ந்தது.

"உடம்புக்கு என்ன?" என்றேன்.

"ஒண்ணுமில்ல. கஞ்சியில உப்புக் கம்மின்னு முத்துப்பேச்சி ஏசுதா. பொழச்சுக்கிட்டான்னு அர்த்தம். நாளைக்கு உப்பை அள்ளிப் போடச் சொல்லுங்க."

"உங்களுக்குப் பயமாக இல்லையா?"

"இல்லாம என்ன? ராத்திரியெல்லாம் இருக்கு. எந்தப் பயம்னு பாத்தேன். ரெண்டும் இருக்கு அய்யா. ஆனா ஒண்ணு மத்ததைவிடக் கொஞ்சம் பெருசா இருக்கு. அதுபோதும்."

அவரிடம் நான் கேட்ட கடைசிப் பேச்சு அது. இன்று கஞ்சியில் உப்பு சரியாகப் போட்டிருந்தது.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது மூன்று. பழைய சொல்லை அது பிறந்த இடத்திலேயே போய்ப் பார்க்கும் பழக்கம். தெரியாததைத் தெரியாது என்று சொல்லும் துணிவு. மூன்றாவது, அவர் விரல் வைத்திருந்த அந்த வரி. அன்று நீங்கள் கேட்காமல் போன அதை இப்போது நான் உங்களுக்கு முடித்துத் தருகிறேன். பழைய பிரமாணம் எதை வெளியே வைத்ததோ அதைச் சொல்லிவிட்டு, நிருபம் அங்கே நின்றுவிடவில்லை. இயேசுவும் நகர வாசலுக்குப் புறம்பேதான் பாடுபட்டார் என்கிறது. ஆகையால் அவருடைய நிந்தையை நாமும் சுமந்துகொண்டு, பாளயத்துக்கு வெளியே, அவர் இருக்கும் இடத்துக்குப் புறப்பட்டுப் போவோம் என்கிறது. லேவியராகமம் சொன்ன அதே இடம்தான். அங்கே தள்ளப்பட்டவர்களைத் தேடி நடக்கச் சொல்வதுதான் நிருபம் கூட்டியது.

நான் பயப்படுகிறேன். செயலாளர் என்ற முறையில் இதை மறைப்பது ஒழுங்கல்ல. இதை எழுதும்போதே இரண்டு முறை எழுந்து கை கழுவினேன். என் வயிற்றில் ஏற்படும் ஒவ்வொரு சிறு அசைவையும் கவனிக்கிறேன். மூட்டை வெளித்தாழ்வாரத்தில் கட்டி முடிந்து கிடக்கிறது. என் மனைவி அன்னம்மாள் அதையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"கல்யாணமான நாள்லேந்து ரூல் ரூல்னுதான் கேக்குதேன். இப்ப ஒங்க ரூல் என்ன சொல்லுது?"

விதியை மனதில் வரிவரியாக ஓட்டிப் பார்த்தேன். போகிறவர் திரும்பக் கூடாது என்று இருக்கிறது. போகக் கூடாது என்று எங்கும் இல்லை.

"அப்ப கம்பளியை எடுத்துக்கிடுங்க," என்றாள். அவளே அதை மடித்து மூட்டையின்மேல் வைத்தாள்.

சாவிகளை இரண்டாம் ரைட்டரிடம் ஒப்படைத்துவிட்டேன். துரைக்கு எழுதியாயிற்று. சுண்ணாம்பையும் மருந்தையும் மண்வெட்டியையும் எடுத்துக்கொண்டு, இந்தத் தாள் உங்கள் வாசல்களில் வாசிக்கப்படும் நேரத்தில், நான் எல்லைக்கல்லைக் கடந்திருப்பேன். அவரை அடக்கம் செய்வேன். நிருபத்தையும் பழையதையும் இம்முறை இரண்டு குரலாக நானே வாசிப்பேன். பிறகு தண்ணீர் காய்ச்சுவேன். நாளைக் காலை கஞ்சியைக் கல்லின்மேல் வையுங்கள். எடுக்க நான் வருவேன்.