சபியா உம்மா கூரை பிரித்த கதை

மருதமுனையில் சபியா உம்மா நெய்த சாரனை வாப்பா உடுத்து, மகனும் உடுத்துத்தான் கிழியும். அப்படி அழுத்தமான நெசவு. ஆனாலும் ஐம்பத்தைந்தாம் ஆண்டு அரசாங்கக் கந்தோரிலிருந்து வந்த நூல் பங்குப் பட்டியலில் அவள் பெயர் இல்லை. வீட்டுக்குள் தறி போட்ட பதினொரு பெண்களில் ஒருத்தி பெயரும் இல்லை. பெயர் இல்லையென்றால் நூல் இல்லை. நூல் இல்லையென்றால் தறி அடுப்புக்குத்தான். "பெண்கள் நெய்வதை நான் காணவில்லையே" என்றாராம் அதிகாரி. எப்படிக் காண்பார்? அந்நிய ஆணை உள்ளே விடுவார்களா?

"அப்ப படத்துல காணட்டும்" என்றாள் சபியா உம்மா.

கல்முனையில் படக்கடை வைத்திருந்த சீனிமுகம்மதும் ஆண்தானே. ஆனால் அவர் பிடிக்கும் படங்களை இருட்டறையில் கழுவுவது மனைவி நதீரா. கழுவத் தெரிந்தவளுக்குப் பிடிக்கத் தெரியாதா? அவளையே அழைத்தாள் சபியா உம்மா. நதீரா கமெராவோடு வந்து எடுத்த முதல் படம் சட்டியடிக் கரிபோல இருந்தது.

"உள்ளுக்கு வெளிச்சம் போதா ராத்தா. தறிய வெளிய தூக்குவமா?"

"குழித்தறி புள்ள இது. குழியையும் தூக்குவியா?"

கூடியிருந்த பெண்கள் சிரித்தார்கள். சபியா உம்மா அண்ணாந்து பார்த்தாள். "இஞ்சருங்க, ஏறிக் கிடுகக் கழட்டுங்க."

கணவர் மக்கீன் திகைத்துப் போனார். "ஒனக்கென்ன விசரா? மாரி வாற நேரம்!"

"வூடு என்ட வாப்பா எனக்குத் தந்த சீதனம். கூரையும் அதோடதான் வந்த."

இந்தக் கரையில் வீடு மகளுக்கு, மாப்பிள்ளை குடிவருகிறவர். மக்கீன் ஏணி வைத்தார்.

தறிமேல் வெயில் கொட்டியது. சபியா உம்மா முக்காட்டை முகத்துக்கு இழுத்துவிட்டு ஊடுநூல் ஓட்டும் நாடாவை வீசத் தொடங்கினாள்.

"அசையாம இரிங்க ராத்தா, படத்துல கை கலங்கிப்போகும்."

"அசையாம இரிந்தா நான் நெய்யிறண்டு ஆரு நம்புவா? நீ புடி."

நதீரா பிடித்தாள். அன்று ஒரு கூரை. அந்த வாரம் முடியுமுன் பதினொரு கூரை.

கந்தோரில் அதிகாரி படங்களை மேசையில் பரப்பினார். எதிரே சபியா உம்மா, பின்னால் மக்கீன்.

"எல்லாப் படத்திலும் கை ஏன் புகை மாதிரி இருக்கிறது?"

"வேல செய்யிற கை ஐயா. சும்மா இரிக்கிற கைதான் தெளிவா விழும்."

அதிகாரி ஒவ்வொரு படமாக மறுபடியும் பார்த்தார். பிறகு பேனையை எடுத்தார். "சரி, புருஷன் பெயர் என்ன?"

"அவரு கடல்ல கரவலை இழுக்கப் போறவரு. தறியில இரிக்கிறது சபியா உம்மா. அத எழுதுங்க."

எழுதினார். அவள் நகரவில்லை. மற்றப் பத்துப் பேரின் பெயரையும் ஒவ்வொன்றாகச் சொல்லி எழுதுவித்த பிறகுதான் கந்தோர்ப் படி இறங்கினாள்.