பலீல் விற்ற முப்பதடிச் சுறா

மீன்கார பலீலின் வாப்பாவைப் பெற்றவளும் என்னைப் பெற்றவளும் ஒரு வயிற்றுப் பிள்ளைகள். அந்த வழியில் அவன் எனக்கு மருமகன். அவன் பெண்டாட்டி ஜஸ்லாவோ என் கணவருடைய மூத்த தாத்தாவின், அதாவது அக்காவின், பேத்தி. இரண்டு பக்கமும் சொந்தம் என்பதால் அவனைப் பற்றிக் கூட்டிச் சொன்னாலும் ஏசுவார்கள், குறைத்துச் சொன்னாலும் ஏசுவார்கள். ஆகவே நடந்ததை நடந்தபடியே சொல்கிறேன். பலீல் சொன்னது பாதி. அவன் சொல்ல வெட்கப்பட்டு விட்டதைத் தோட்டத்துப் புஷ்பவதி சொன்னாள்.

உக்குவளையில் பிறந்து, ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் பலீல். வாப்பா மௌத்தானபோது அவனுக்குப் பதினாறு வயது. கொஞ்ச நாள் கராம்பு காய வைத்தான், கொஞ்ச நாள் பஸ்ஸில் ஆள் ஏற்றினான். கல்யாணம் முடித்த வருசம் மீன் வியாபாரத்துக்கு வந்தான். அப்போது சைக்கிள், இப்போது மோட்டார் சைக்கிள். பின்னால் றெஜிபோம் என்கிற வெள்ளை நுரைப் பெட்டி, அதற்குள் ஐஸ், ஐஸுக்குள் மீன். காலையில் மாத்தளைச் சந்தையில் எடுத்துக்கொண்டு எல்கடுவப் பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களுக்கு ஏறுவான். பதினெட்டு வருசமாக அதே பாதைதான்.

இத்தனை வருசம் மீன் விற்றவன் கடலைப் பார்த்தது ஒரே தடவை. பள்ளிக்கூடத்துச் சுற்றுலாவில் கொழும்புக் காலிமுகத்திடலுக்குப் போய், இறால் வடை தின்று, திரும்பி வரும் வழியில் பஸ்ஸில் வாந்தியெடுத்ததுதான் அவனுடைய கடல். முழுச் சுறாவை அவன் கண்டதேயில்லை. மாத்தளைக்கு வரும் சுறாவுக்குத் தலை இருக்காது, குடல் இருக்காது. துண்டாகத்தான் வரும்.

ஆனால் அவன் வியாபாரத்துக்குச் சுறாதான் முதுகெலும்பு. தோட்டத்தில் ஒரு பெண் பிள்ளை பெற்றால், உடம்பு கொஞ்சம் தேறியதும் சுறாப் புட்டு கொடுப்பார்கள். எங்கள் பக்கத்தில் அதையே வறை என்போம். மீனை அவித்து, தோலுரித்து, உதிர்த்து, பூண்டும் மிளகும் நிறையப் போட்டு வதக்குவது. தாய்க்குப் பால் சுரக்கும் என்று சாப்பிடுவார்கள். எந்த லயத்தில் எவளுக்கு எத்தனையாம் மாதம் என்று மருத்துவிச்சிக்கு முன்னால் பலீலுக்குத் தெரியும்.

அங்கேதான் அவன் வாய் அவனைக் கெடுத்தது. தொடக்கத்தில் யாரோ ஒருத்தி, "சின்னச் சுறாவா, பெரிய சுறாவா நானா?" என்று கேட்டிருக்கிறாள். நானா என்றால் அண்ணன். பெரிய சுறா என்றால் பாலும் அதிகம் வரும் என்று அவளுக்கு ஒரு நினைப்பு. பலீல், "பத்தடி" என்றான். அவள் முகம் மலர்ந்துவிட்டது. அடுத்த வீட்டில் பன்னிரண்டு அடி. அடுத்த வருசம் இருபது. கடைசியில் முப்பதில் வந்து நின்றது. தோட்டத்து லயத்தில் வரிசையாக இருக்கும் வீடுகளைக் காம்பரா என்பார்கள். ஒரு காம்பராவுக்கு முகப்பு ஏறக்குறையப் பத்தடி. பலீல் கையை நீட்டி, "முப்பதடி அக்கா. உங்கட மூணு காம்பரா நீளம்" என்பான். அவர்களும் மூன்று கதவுகளைத் திரும்பிப் பார்த்து ஆச்சரியப்பட்டு வாங்குவார்கள்.

போன தீபாவளிக்கு அந்தத் தோட்டத்து இளைஞர் மன்றத்தார் மைதானத்தில் பெரிய வெள்ளைத் துணியைக் கட்டிப் படம் காட்டினார்கள். தமிழில் பேச வைத்த வெளிநாட்டுப் படம். அதில் ஒரு சுறா வந்தது. படகை விழுங்கியது, படகில் இருந்தவர்களையும் விழுங்கியது. துணி முழுக்க அதன் வாய். முன்வரிசையில் உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து பின்னால் ஓடினார்களாம்.

அடுத்த செவ்வாய்க்கிழமை பலீல் லயத்து வாசலில் ஹோன் அடித்தான். ஒருவரும் தட்டு எடுத்துக்கொண்டு வரவில்லை. கடைசியில் புஷ்பவதிதான் கதவருகே வந்தாள். கொழுந்து எடுப்பவள். அவள் மகள் விதுஷாவுக்குப் பிள்ளை பிறந்து பன்னிரண்டு நாள். பால் போதாமல் பிள்ளை அழுதுகொண்டிருந்தது.

"நானா, சுறா வேணாங்க."

"ஏன் அக்கா, விதுஷாவுக்கெண்டு தனியா எடுத்து வந்தீக்கேன்."

"மனுஷனத் தின்ன மீனப் பச்ச ஒடம்புக்காரிக்கு ஆக்கிக் குடுக்கச் சொல்றீங்களா?"

பலீல் சிரித்துப் பார்த்தான். அவள் சிரிக்கவில்லை. பக்கத்து வாசலில் இருளாண்டி உட்கார்ந்திருந்தார். தேயிலை ஸ்டோரில் காவல் பார்த்து ஓய்வு பெற்றவர். அவருக்கு இப்போது வேலை மற்றவர்களைக் கேள்வி கேட்பதுதான்.

"நீதானேப்பா சொன்ன, முப்பதடின்னு? முப்பதடிச் சுறா வேற என்னத்தத் திங்கும்? கடலச் சுண்டலா?"

"அது சினிமா, ஐயா."

"சினிமாவுல காட்டுனது கெடக்கட்டும். நீ சொன்னது மூணு காம்பரா. மூணு காம்பராவுக்குள்ள எத்தன சனம் குடியிருக்கோம், எண்ணிப் பாத்தியா?"

உள்ளேயிருந்து விதுஷாவின் குரல் வந்தது. "போன்ல இதவிடப் பெருசெல்லாம் இருக்கு நானா. எங்க வீட்டுக்காரரு வினோஜன் கொழும்புலருந்து அனுப்புறாரு. கப்பல் நீளம். எது நெசம், எது செஞ்சு போட்டதுன்னு யாருக்குத் தெரியும்? நான் திங்கிறதுதான் பாலா எம்புள்ளைக்குப் போகுது. எனக்கு வேணாம்."

அன்று சுறா மட்டுமல்ல, சாளை கூட விற்கவில்லை. சுறா கிடந்த ஐஸில்தானே சாளையும் கிடந்தது என்றார்கள். ஒரு லயத்தில் கிளம்பிய பேச்சு மறு வாரத்துக்குள் மூன்று தோட்டத்துக்கும் போய்விட்டது.

மறு செவ்வாய் பலீல் ஒரு தந்திரம் பார்த்தான். "இது சின்னச் சுறா. அஞ்சடி வராது" என்றான்.

இருளாண்டி துண்டை உதறித் தோளில் போட்டார். "அப்ப முப்பது, இப்ப அஞ்சா? மழையில நனைஞ்சு சுருங்கிருச்சோ?"

லயமே சிரித்தது. முன்பு சொன்னதும் பொய்யாகி, இப்போது சொன்னதும் பொய்யாகிவிட்டது. உண்மையில் அது எத்தனை அடி என்று அவனுக்கே தெரியாது.

வீட்டில் ஜஸ்லாவின் பேச்சு வேறு. அவளுடைய நானா ஹுஸ்னி கொழும்பில் சில்லறைக் கடை வைத்திருக்கிறார். அங்கே வேலைக்கு வருவதா இல்லையா என்று வெள்ளிக்கிழமைக்குள் சொல்லச் சொன்னார்.

"முப்பதடிச் சுறாவெல்லாம் போதும். போய்த்து அவர்ட மூணடிக் கவுன்டர்ல நில்லுங்கோ" என்றாள் ஜஸ்லா. சொல்லிவிட்டு அவளே கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவன் கொழும்புக்குப் போனால் மாதத்துக்கு ஒரு தடவைதான் வீடு. மகள் ஸஹ்ராவுக்கு ஏழு வயது. வாப்பா வந்து சோறு பிசைந்து கொடுக்காமல் அவள் சாப்பிட மாட்டாள்.

வியாழக்கிழமை சுபஹு தொழுதுவிட்டுப் பலீல் மோட்டார் சைக்கிளை மாத்தளையில் விட்டுப் பஸ் ஏறினான். தம்புள்ளையில் இறங்கி அடுத்த பஸ். திருகோணமலையில் மீன் இறக்கும் கரைக்குப் போய்ச் சேர்ந்தபோது வெயில் ஏறிவிட்டது. வலையிலிருந்து மீன் எடுத்துக்கொண்டிருந்த ஒரு பெரியவரிடம் போய் நின்றான். அவர் பெயர் கணபதி. நாற்பது வருசம் கடலில் போய் வந்தவர்.

"ஐயா, சுறா எத்தன அடி வரும்?" என்றான்.

அவர் நிமிர்ந்து பார்த்தார். "என்ன தொழில் தம்பி?"

"மீன் யாவாரம்."

"மீன் விக்கிறவர் என்னட்டக் கேக்கிறீரோ!" என்று சிரித்தார். பிறகு அவன் முகத்தைப் பார்த்துவிட்டுச் சிரிப்பை நிறுத்தி, பக்கத்தில் இருக்கச் சொன்னார். பலீல் படத்தைச் சொன்னான், லயத்தைச் சொன்னான், தன்னுடைய முப்பதடியையும் சொன்னான்.

"ஆளைக் கடிக்கிற வெள்ளைச் சுறா வேற கடல்களில இருக்குதாம். அதுவும் இருபதடிக்கு மேல வாறது அருமை எண்டு கப்பலில போனவங்கள் சொல்லுவினம். இஞ்ச நான் கண்ட பெரிய புலிச்சுறா பதினாலடி. சினிமாக்காரனுக்குத் திரை எவ்வளவு பெரிசோ, அவன்ர சுறாவும் அவ்வளவு பெரிசு. அதுக்கு நீரும் நானும் என்ன செய்யிறது?"

"அப்ப முப்பதடியில ஒண்டுமே இல்லியா?"

"ஏன் இல்லை? புள்ளிச் சுறா இருக்கு. ஒருக்கா என்ர வள்ளத்துக்குக் கீழால போச்சுது. வள்ளம் இருபதடி. அது போகுது, போகுது, முடியேல்லை. நாப்பதடி இருக்கும். கடலில உள்ள மீனுக்குள்ள அதுதான் பெரிசு. ஆனால் பாவம், வாயைத் திறந்துகொண்டு கூனி இறாலையும் குஞ்சு மீனையும் வடிச்சுக் குடிச்சுக்கொண்டு திரியும். அதைப் பிடிக்கவும் ஏலாது, சட்டம்."

"நான் விக்கிறது?"

கணபதி எழுந்து போய், தலையும் வாலும் குடலுமாக ஒரு சுறாவைத் தூக்கி வந்து பலீலின் மடியில் போட்டார். "பால்சுறா. பெரும்பாலும் உம்மட பெட்டிக்கு வாறது இதுதான்."

மூன்றடி கூட வராது. நாற்பத்தைந்து வயதில் பலீல் முதல் தடவையாகச் சுறாவின் முகத்தைப் பார்த்தான். சின்னக் கண், கூர் மூக்கு. அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தானாம்.

அதை வாங்கி ஐஸில் வைத்து, மீன் லொறியில் இடம் பிடித்து மாத்தளைக்கு வந்து, அங்கிருந்து மோட்டார் சைக்கிளில் நேரே தோட்டத்துக்கு ஏறினான். கொழுந்து நிறுத்துவிட்டுப் பெண்கள் திரும்பும் நேரம். ஹோன் அடிக்கவில்லை. புஷ்பவதி வீட்டு வாசலில் ஒரு பலகையைப் போட்டு, அதன்மேல் சுறாவைக் கிடத்தினான். சனம் தானாகக் கூடிவிட்டது.

"அக்காமாரே, ஐயா, நான் ஒரு விசயம் செல்லோணும். இவ்வளவு காலமும் முப்பதடி, முப்பதடியெண்டு நான் சென்னது பொய். எனக்குத் தெரியாமத்தான் சென்னேன். நீங்க சந்தோசப்பட்டீங்க, நானும் கூட்டிக் கூட்டிச் சென்னேன். நான் வித்த சுறா இந்தளவுதான்."

பொய் சொன்னதாக ஒரு வியாபாரி தானாக வந்து சொல்வதை அவர்கள் கேட்டதில்லை. இருளாண்டிதான் வாயைத் திறந்தார்.

"இது குட்டி. இதோட அம்மா எங்க?"

"அம்மாவும் இதுல ஒரு சாண்தான் கூட. இங்க பாருங்க." பலீல் இருளாண்டியின் கதவில் முதுகை வைத்து நின்று, அங்கிருந்து லயத்தோடு நடந்தான். இரண்டாம் காம்பரா முடிவில் நின்றான். "ஆளக் கடிக்கிற வெள்ளச் சுறா இவ்வளவு. அது இந்தப் பக்கத்துக் கடல்காரர் கண்ணுலயும் பட்டதில்ல." இன்னும் நடந்தான். நாலாவது காம்பராவில் நின்று, அங்கிருந்து கத்தினான். "புள்ளிச் சுறா இங்க வரைக்கும்! அது கூனிதான் தின்னும்!"

"இவ்வளவு ஒடம்ப வச்சிக்கிட்டுக் கூனியா?" என்றாள் ஒருத்தி.

"நம்ம பெரிய கிளாக்கரும் ஒடம்பு பெருசு, திங்கிறது ரெண்டு பிஸ்கட்டு" என்றாள் இன்னொருத்தி. அப்போதுதான் சிரிப்பு வந்தது.

"சினிமாவுல வந்தது?" இருளாண்டி விடவில்லை.

"அது அந்தத் துணியில மட்டுந்தான் ஐயா ஈக்கு. துணிய இன்னும் பெருசாக் கட்டியிருந்தா அதுவும் பெருசாயிருக்கும்."

விதுஷா பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே வந்திருந்தாள். அவள் சிரிக்கவில்லை. மீனின் வாயைப் பார்த்தாள். பலீல் அதைத் திறந்து மூன்று விரலை விட்டுக் காட்டினான். நாலாவது விரல் போகவில்லை.

"வாய் சின்னதுதான் நானா. ஆனா கடல்ல செத்துக் கெடந்தத இதுவும் கடிச்சிருக்கலாம்ல? வயித்துக்குள்ள என்ன இருக்குன்னு ஒங்களுக்குத் தெரியுமா?"

"தெரியா" என்றான். அன்று அவன் சொன்னதிலேயே கஷ்டமான சொல் அதுதான்.

"அப்பக் கிழி" என்றார் இருளாண்டி.

கத்தியை எடுத்த பலீல் அதைச் சாரத்தில் இரண்டு தடவை துடைத்தான் என்றாள் புஷ்பவதி. தயங்காமல் என்ன செய்வான்? கடல் எதை எதைத் தன் வயிற்றில் வைத்திருக்கிறது என்று யாருக்குத் தெரியும்? ஒரு துணித்துண்டு, ஒரு நூல் வந்தாலும் போதும், பதினெட்டு வருசப் பாதை அன்றோடு சரி. மறுநாள் வெள்ளிக்கிழமை. அவன் பிஸ்மி சொல்லிக் கிழித்தான்.

குடலை ஒதுக்கி, இரைப்பையைப் பலகையில் வைத்துப் பிளந்தான். பாதி கரைந்த மூன்று சூடை மீன். ஒரு சின்னக் கணவாய். நண்டின் கால் ஒன்று. அவ்வளவுதான். இருளாண்டி ஒரு ஈர்க்குக் குச்சியால் ஒவ்வொன்றாக நகர்த்திப் பார்த்தார். கண்ணாடியைக் கொண்டு வரச் சொல்லி இன்னொரு தடவையும் பார்த்தார்.

விதுஷா குனிந்து நெடுநேரம் பார்த்தாள். தோளில் பிள்ளை சிணுங்கத் தொடங்கியது.

"இதெல்லாம் நாமளும் திங்கிறதுதான" என்றாள். பிறகு தாயைத் திரும்பிப் பார்த்தாள். "அம்மா, பூண்டு உரிங்க. வெறகு காஞ்சிருக்கா பாருங்க. எனக்குப் பசிக்கிது."

புஷ்பவதி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓடினாள். மூன்று வாரமாக மகள் பசிக்கிறது என்று சொன்னதில்லை.

பலீல் அங்கேயே தோலுரித்துத் துண்டு போட்டுக் கொடுத்தான். மறுநாள் ஜும்மாவுக்குப் போகுமுன் ஹுஸ்னிக்குப் போன் எடுத்து, "வரல்ல மச்சான்" என்று சொன்னான். ஜஸ்லா பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அடுத்த செவ்வாய் அவன் லயத்துக்கு ஏறியபோது பதினொரு தட்டுகள் வாசலுக்கு வந்திருந்தன. விதுஷாவின் பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தது. மருத்துவிச்சி நிறுத்துப் பார்த்து, எடை கூடியிருக்கிறது என்றாளாம். அது சுறாவாலா, விதுஷா மனம் தெளிந்து வயிறாரச் சாப்பிட்டதாலா என்று எனக்குச் சொல்லத் தெரியாது.

இருளாண்டி பெட்டிக்குள் எட்டிப் பார்த்து, "இன்னைக்கி நெத்தலியா? எங்க, இதுக்கும் ஒவ்வொன்னா வயித்தக் கிழிச்சுக் காட்டு" என்றார்.

"காட்டுறேன் ஐயா. ஆனா நீங்கதான் பக்கத்துல இருந்து எண்ணோணும். ஒண்டு பிசகினாலும் முதல்லருந்து எண்ணோணும்" என்றான் பலீல்.

"அப்ப எனக்குக் கால் கிலோ போதும்ப்பா" என்று இருளாண்டி தட்டை நீட்டினார்.