இசை வேண்டாம் என்றிருந்தவர்

அவர் கனடாக்காரப் பெண். சமவெளியில் உள்ள சிறிய ஊரொன்றில், தேவாலயத்தில் ஆர்கன் வாசித்த தாய்க்குப் பிறந்தவர். இளவயதில் டொரன்டோவில் மற்றவர்களின் படங்களுக்கு இசையமைத்துப் பிழைத்தார். அது கசந்துபோக, ஒரு கமராவோடு லண்டனுக்கு வந்து ஆவணப்படங்கள் எடுக்கத் தொடங்கினார். ஆனால் தன் படங்களில் இசையே சேர்க்கமாட்டார். ஏன் என்று ஒருமுறை கேட்டேன். எந்த இடத்தில் எந்தச் சுரத்தை வைத்தால் சனம் அழும் என்று தனக்குத் தெரியும், தெரிந்துகொண்டே அதைச் செய்வது ஏமாற்று என்றார்.

நான் மருத்துவமனைகளில் தமிழ் மொழிபெயர்ப்பாளராக வேலை செய்பவள். கிழக்கு லண்டனில் ஃபாரஸ்ட் கேட் பகுதியில் பலசரக்குக் கடை வைத்திருந்த ஒரு அண்ணையைப் பற்றி அவர் படம் எடுக்க வந்தபோது, பேச்சை மாற்றிச் சொல்ல என்னை அழைத்தார். மரக்கறிப் பெட்டி இறக்குவது, முருங்கைக்காய் விலைக்கு வாடிக்கையாளர் சண்டை பிடிப்பது என்று சாதாரண நாட்களைத்தான் எடுத்தோம். பாதியில் அண்ணைக்குப் புற்றுநோய் என்று தெரியவந்தது. படத்தை நிறுத்திவிடலாம் என்றார் இயக்குநர். அண்ணை சம்மதிக்கவில்லை.

"தொடங்கினதை முடியுங்கோ. நான் நிண்டாலும் கமரா நிக்கக் கூடாது."

அந்தக் குளிர்காலம் முடிவதற்குள் அண்ணை போய்விட்டார். எரியூட்டும் மண்டபத்தில் கொடுத்த நேரம் குறைவு. அடுத்த குடும்பம் வெளியே காத்து நின்றது. ஐயர் விரைவாக ஓதி முடித்தார். பெட்டியை மறைத்துத் திரை மூடிக்கொண்டது. அண்ணையின் மனைவி அனுமதித்திருந்ததால் அதையும் படமாக்கினோம்.

படம் தயாரானதும் முதலில் அண்ணையின் மனைவி, அந்த அக்காவுக்குக் காட்ட வேண்டும் என்று இயக்குநர் விரும்பினார். செவன் கிங்ஸ் பகுதியில் அக்காவின் வீட்டு வரவேற்பறையில் மூவரும் இருந்து பார்த்தோம். முடிந்ததும் அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டார்.

"எல்லாம் நல்லாத்தான் இருக்கு. செத்தவீட்டில ஏன் ஒரு சத்தமும் இல்லை?"

அன்று அங்கே இசை எதுவும் இருக்கவில்லை, இருந்ததைத்தான் காட்டியிருக்கிறேன் என்றார் இயக்குநர்.

"அது எனக்கும் தெரியும், பிள்ளை. ஊரில எண்டா பறைமேளம் அடிச்சு, தெருவுக்கே கேக்க அனுப்பியிருப்பம். இஞ்ச அது ஏலேல்லை. நீயும் அவரைச் சும்மா அனுப்பிப்போட்டாய்."

கடைசி வாக்கியத்தை ஆங்கிலத்தில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. "சொல்லு" என்றார் அக்கா. சொன்னேன். இயக்குநரின் முகம் வெளுத்தது.

"எனக்கு அந்த மேளம் தெரியாதே" என்றார்.

"எனக்கும் உன்ர வாத்தியம் தெரியாது. தெரிஞ்சதை வாசி."

பல வாரங்கள் அவரிடமிருந்து தகவலே இல்லை. திரும்பி வந்தபோது மெலிந்திருந்தார். அந்தக் காட்சியில் இப்போது ஓர் ஆர்கன் தாழ்ந்த சுரத்தில், நடந்து போகும் வேகத்தில் ஒலித்தது. திரை மூடிய பிறகும் சற்றுத் தூரம் போய் நின்றது. அக்கா அதை இரண்டு தரம் போடச் சொன்னார்.

"இது எங்கட மேளம் இல்லை. ஆனா ஆரோ கூட நடந்து வாற மாதிரி இருக்கு."

திரையிடலில் ஒருவர் எழுந்து, இத்தனை படங்களில் இல்லாத இசை இதில் மட்டும் எதற்கு என்று கேட்டார். "அவருடைய மனைவி கேட்டார்" என்றுவிட்டு இயக்குநர் அடுத்த கேள்விக்குப் போனார். அதன்பின் எடுத்த ஒவ்வொரு படத்திலும், படமாக்கப்பட்டவர்களிடம் கேட்டுத்தான் இசையைப் பற்றி முடிவு செய்தார்.

வயதான தாயைப் பார்த்துக்கொள்ள அவர் கனடாவுக்குத் திரும்பினார். ஆனால் நோயில் விழுந்தது அவர்தான். இந்த வருடம் அவர் இறந்த செய்தியைச் சகோதரர் எனக்கு எழுதினார். அக்காவுக்கு போன் எடுத்துச் சொன்னேன்.

"தாய் இருக்கிறாவோ?"

"ஓம், அக்கா."

"அப்ப நான் அவவோட ஒருக்கா கதைக்க வேணும். நீ வந்து சொல்லித்தா."

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கா வீட்டிலிருந்து போன் எடுத்தோம். இருவரும் முதலில் தடுமாறினார்கள். பிறகு அந்தத் தாய், தன் மகள் லண்டனில் ஒழுங்காகச் சாப்பிட்டாளா என்று கேட்டார்.

"வந்த நேரமெல்லாம் என்ர குசினியிலதான் சாப்பிட்டவ. புட்டு எண்டா இன்னும் கேட்டு வாங்குவா" என்றார் அக்கா.

புட்டு என்றால் என்ன என்று தாய் கேட்டார். அக்கா கதிரையைப் போனுக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டு, மாவை வறுப்பதிலிருந்து சொல்லத் தொடங்கினார். நான் ஒவ்வொரு வரியாக மாற்றிச் சொல்லிக்கொண்டு போனேன்.