இரட்டை வேடமா, ஒரே ஆளா

எங்கள் வீட்டில் கடவுளைப் பற்றியோ அரசியலைப் பற்றியோ பெரிய சண்டை வந்ததில்லை. வந்ததெல்லாம் ஒரு சீன நடிகரைப் பற்றித்தான். கலியாணமான புதிதில் தொடங்கிய அந்த வழக்கு, போன வருடம் என் மனைவி கண்ணை மூடும்வரை தீரவில்லை.

அந்தக் காலத்தில் நாங்கள் டென்மார்க்கில் பிரெடெரிசியா என்ற ஊரில் இருந்தோம். நான் ஒரு சீன உணவகத்தில் கோப்பை கழுவினேன். முதலாளியின் மனைவி ஹொங்கொங்கில் இருந்து வந்தவர். அங்கிருந்து அவருடைய தமையன் பதிந்து அனுப்பும் வீடியோ கசெற்றுகளை எங்களுக்கும் இரவல் தருவார். அவருக்கும் டெனிஷ் அரைகுறை, எனக்கும் அரைகுறை. ஒரு கசெற்றைத் தந்தபோது, இந்த ஆள் முதலில் நடித்தார், பிறகு தானே படம் எடுத்தார் என்று மட்டும் சொன்னார். திருப்பிக் கொடுக்கப் போனபோது, வைத்துக்கொள் என்றுவிட்டார்.

தமிழ்ப்படக் கசெற்றுகள் ஊரெல்லாம் சுற்றி எங்களிடம் வந்து சேர்வதற்குள் தேய்ந்து கோடு விழுந்திருக்கும். ஆகவே ஞாயிற்றுக்கிழமைகளில் மத்தியானச் சோறு முடிந்ததும் அந்தச் சீனப் படத்தையே போடுவோம். ஒரு சொல் விளங்காது. கீழே வரும் எழுத்தும் சீன எழுத்து. அதனால் என்ன, என் மனைவி சோபாவில் காலை மடித்து உட்கார்ந்துகொண்டு எல்லோருக்கும் தானே வசனம் பேசிவிடுவாள். கதாநாயகி அவள் வாயில் யாழ்ப்பாணத்துப் பெண்ணாகச் சிணுங்குவாள். நான் படத்தைப் பார்த்த நேரத்தைவிட அவளைப் பார்த்த நேரம்தான் கூட.

முதல் பாதி கறுப்பு வெள்ளை. வடிவான ஓர் இளைஞன் காதலிக்கிறான், பாடுகிறான், கடைசியில் கப்பலேறிப் போகிறான். பிறகு கொஞ்ச நேரம் சீன எழுத்துகள் ஓடும். இடைவேளை என்று எழுந்து தேநீர் போடுவோம். திரும்பி வந்தால் படம் கலராகியிருக்கும். அதே முகத்தோடு, நரைத்த மீசையோடு ஒரு கிழவர் நாள்தோறும் குடையும் கையுமாகத் துறைமுகத்துக்கு வந்து நிற்பார்.

தமிழ்ப்படம் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதில் என்ன குழப்பம்? ஆளுக்கொரு தீர்ப்பு தயாராக இருந்தது. இது இரட்டை வேடம், போனவன் மகன், காத்து நிற்பவர் தகப்பன் என்றாள் அவள். கறுப்பு வெள்ளை என்றாலே பிளாஷ்பாக், இரண்டும் ஒரே ஆள் என்றேன் நான். தான் பிடித்த முயலுக்கு மூன்று கால் என்பதில் இருவரும் சளைத்தவர்களில்லை. மீசை வைத்தால் அப்பா, எடுத்தால் மகன், இது தெரியாமலா இவ்வளவு படம் பார்த்தீர்கள் என்று என்னைக் கேலி செய்வாள்.

வழக்கைத் தீர்த்துவைக்கக் கசெற்றாலும் முடியவில்லை. கடைசியில் ஒரு கப்பல் கரையைத் தொடும், கிழவர் குடையை மடிப்பார், அவ்வளவுதான். அந்த இடத்தில் நாடா முடிந்துவிடும்.

அவளுடைய தகப்பனார் ஊரில் தனியே இருந்தார். சண்டைக்காலம். நாங்களோ அகதிகள், திரும்பிப் போக வழியில்லை. அவர் போய்விட்டார் என்று செய்தி வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அன்று அழுதாள், மறுநாள் வேலைக்குப் போனாள். அதன் பிறகு நான் என் கட்சியை விட்டுக்கொடுக்கப் பார்த்தேன். அவளுக்கு அதுவும் பிடிக்கவில்லை.

"இரட்டை வேடமெண்டால் கடைசியிலை ரெண்டு பேரும் பக்கத்திலை பக்கத்திலை நிண்டே ஆகவேணும்," என்றாள். "எங்களுக்குத்தான் அந்த இடம் கிடைக்கேல்லை."

வீடியோ டெக் பழுதாகி, கசெற் பூஞ்சணம் பிடித்து, நாங்களும் கிழடுதட்டிப்போனோம். ஆனாலும் படுக்கையில் விழுந்த நாட்களில் அவள் அந்தக் கிழவரை விசாரித்தாள். அந்த முடிவை எங்கேயாவது பிடித்துக்கொண்டு வரச் சொன்னாள். முதலாளி குடும்பம் எப்போதோ கடையை விற்றுவிட்டுப் போயிருந்தது. பெயர் தெரியாத படத்தை நான் எங்கே போய்த் தேட? தேடாத இடமில்லை, கிடைக்கவுமில்லை.

அவள் போன பிறகு, தலைநகருக்குப் பக்கத்தில் ஹ்விடோவ்ரேயில் இருக்கும் எங்கள் மகள் தொலைபேசியில் அழைத்தாள். கொப்பன்ஹேகனில் ஒரு தியேட்டரில் பழைய சீனப் படங்கள் காட்டுகிறார்களாம், விளம்பரத்தில் குடையோடு நிற்பது எங்கள் வீட்டுக் கிழவர்தானாம். மறுபேச்சில்லாமல் ரயிலேறினேன். முடிவைப் பார்க்கவேண்டும், அவளுக்காகப் பார்த்தே ஆகவேண்டும் என்பதைத் தவிர வேறு எண்ணம் இல்லை.

தியேட்டர் வாசலில் மகள் ஒரு சிறு புத்தகத்தைப் படித்து விளக்கினாள். நாங்கள் பார்த்தது ஒரே படம் இல்லை. ஒரே கசெற்றில் அடுத்தடுத்துப் பதிந்த இரண்டு படங்கள். ஷங்காயில் பிறந்த அந்த நடிகர் இளவயதில் ஹொங்கொங் போய்க் காதலனாகவே நடித்துக் கொண்டிருந்திருக்கிறார். முகம் முற்றியதும் யாரும் கூப்பிடவில்லை. கமராவுக்குப் பின்னால் போய்த் தொழில் பழகி, இயக்குநராகி, வயது போன காலத்தில் கிழவர் வேடத்தைத் தானே போட்டு இந்தக் கலர்ப் படத்தை எடுத்திருக்கிறார். பிறந்த ஊருக்கு அவர் திரும்பிப் போகவேயில்லையாம்.

மீசைகூட ஒட்டு மீசை இல்லை. இரண்டும் ஒரே ஆளின் இரண்டு வயது என்பதில் நான் வென்றிருந்தேன். சொல்லிக்காட்டத்தான் வீட்டில் ஆளில்லை. தோற்றிருந்தால் நல்லாயிருந்திருக்கும் என்று மனதார நினைத்தேன்.

படம் தொடங்கியது. இந்த முறை டெனிஷ் எழுத்து இருந்தது. எனக்கு அது அதிகம் தேவைப்படவில்லை. கிழவர் வாயைத் திறந்த இடமெல்லாம் அவளுடைய குரல்தான் கேட்டது. டிக்கெட் கொடுப்பவனிடம் அவர் குனிந்து ஏதோ கேட்கும் இடத்தில், "என்ரை பிள்ளை வந்திட்டானோ, தம்பி?" என்பாள். எழுத்தைப் பார்த்தேன். ஊருக்குப் போகும் கப்பல் எத்தனை மணிக்கு என்று கேட்கிறார். நாள்தோறும் அதையே கேட்கிறார், கேட்டுவிட்டு வீட்டுக்குத் திரும்பிவிடுகிறார். அவர் யாருக்காகவும் காத்திருக்கவில்லை. போகத் துணிவில்லாமல் நின்றிருக்கிறார்.

கப்பல் கரையைத் தொட்டது. குடையை மடித்தார். எங்கள் நாடா முடிந்த இடம் அது. என் கை தானாகவே பக்கத்து இருக்கையைத் தேடி மகளின் கையைப் பிடித்துக்கொண்டது.

ஆட்கள் இறங்கினார்கள். கிழவர் ஒருவருடைய முகத்தையும் பார்க்கவில்லை. எல்லோரும் இறங்கி முடியும்வரை ஒதுங்கி நின்றார், பிறகு பலகையில் கால்வைத்து ஏறினார். கப்பல் புறப்பட்டது. கரையைப் பார்த்து அவர் நீளமாக ஏதோ பேசினார். கீழே எழுத்து ஓடியது. நான் வாசிக்காமல் அவளுடைய குரலுக்காகக் காத்திருந்தேன். அது வரவில்லை.

விளக்குகள் எரிந்தன. என்னோடு எப்போதும் டெனிஷில் கதைக்கும் மகள் தமிழில் கேட்டாள்.

"அப்பா, இந்த இடத்திலை அம்மா என்ன சொல்லியிருப்பா?"

"தெரியாது பிள்ளை," என்றேன். "அம்மா இவ்வளவு தூரத்துக்குப் பார்க்கேல்லை."